பெரிய வெள்ளிக் கஞ்சி ஏன் கொதிக்கவில்லை: மகனுக்கு ஒரு கடிதம்

மகனே,

நீ இன்னும் பிறக்கவில்லை. எனக்குப் பதினாறு வயது. ஜூரோங்கில் எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில், இயற்பியல் புத்தகத்தை ஓரமாகத் தள்ளி வைத்துவிட்டு இதை எழுதுகிறேன். அம்மாக்கள் இப்படிப்பட்ட கடிதங்களை மகனுக்குக் கல்யாணம் ஆகும்போதோ, அவன் வேலைக்காக வேறு நாட்டுக்குப் போகும்போதோ எழுதுவார்கள். நானும் அதுவரை காத்திருக்கலாம். ஆனால் அதற்குள் எனக்கு ஐம்பது வயது ஆகிவிடும். அந்த வயதில் மனிதர்கள் என்ன ஆகிறார்கள் என்பதை இந்த இரண்டு வாரத்தில் பார்த்துவிட்டேன். "விடு, போகட்டும்" என்று சொல்ல ஆரம்பித்துவிடுகிறார்கள். நானும் சொல்லக்கூடும். அதனால் கோபம் ஆறுவதற்கு முன்பே எழுதுகிறேன். நீ வளர்ந்து, வேலைக்குப் போய், நாலு பேர் மதிக்கிற ஆளான பிறகு இதைப் படி. மதிப்பு வந்த பிறகுதான் ஆண்கள் வாயை மூடிக்கொள்கிறார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது. அது தவறு என்றால் நீயே நிரூபித்துக் காட்டு.

எங்கள் கத்தோலிக்கப் பங்குக் கோயிலில், இயேசு சிலுவையில் இறந்த பெரிய வெள்ளியன்று கஞ்சி ஊற்றுவார்கள். அரிசியும் பாசிப்பயறும் பூண்டும் வெந்தயமும் போட்டு, கடைசியில் தேங்காய்ப்பால் விட்டு இறக்குகிற கஞ்சி. காலையிலிருந்து ஒருசந்தி இருந்தவர்கள் சிலுவைப்பாதையும் மூன்று மணி வழிபாடும் முடிந்து, சிலுவையை முத்தமிட்டு முத்தி செய்துவிட்டு, மண்டபத்துக்கு வந்து அதைக் குடித்துத்தான் நோன்பை முடிப்பார்கள். நாங்கள் ஜூரோங்கிலிருந்து ரயிலில் வருகிறவர்கள். எங்களுக்கு அந்தக் கஞ்சி ஒரு வழக்கம், அவ்வளவுதான். ஊரிலிருந்து ஒப்பந்தத்தில் வேலைக்கு வந்து, துவாஸ் தொழிற்பேட்டை விடுதியிலிருந்து வாடகை பஸ்ஸில் வருகிற தொழிலாளி அண்ணன்மார்களுக்கு அப்படி இல்லை. வருஷத்தில் அந்த ஒரு நாள் அவர்களுக்கு விடுமுறையும் கிடைத்து, பஸ்ஸும் கிடைத்து, ஊரில் குடித்த மாதிரி கஞ்சியும் கிடைக்கும். விடுதியில் அவர்களுக்குச் சமைக்க அடுப்பு கிடையாது. பொட்டலச் சோறுதான். அந்த பஸ் ஐந்து மணிக்குக் கிளம்பிவிடும். ஓட்டுநருக்கு அடுத்த சவாரி இருக்கும்.

இந்த வருஷம் கஞ்சிக்கு அம்மா பொறுப்பு. உன் பாட்டி என்று சொல்ல எனக்கு வரவில்லை, அவளுக்கு நாற்பத்து மூன்று வயதுதான் ஆகிறது. பாலர் பள்ளி ஒன்றின் சமையலறையில் வேலை பார்க்கிறாள். பல வருஷமாகக் கோயில் மண்டபத்தில் வெங்காயம் உரித்துக்கொண்டும் பாத்திரம் கழுவிக்கொண்டும் இருந்தவளிடம் முதல் தடவையாகக் கரண்டியைக் கொடுத்தார்கள். இரண்டு வாரம் முன்பே தேக்கா சந்தைக்குப் போய் எந்தக் கடையில் பயறு புதிதாக இருக்கிறது என்று பார்த்துவிட்டு வந்தாள். வீட்டில் மூன்று தடவை சிறிய பானையில் வைத்துப் பார்த்தாள். நாங்கள் மூன்று நாள் இரவுச் சாப்பாட்டுக்குக் கஞ்சிதான் குடித்தோம். அவள் அவ்வளவு சந்தோஷமாக இருந்து நான் பார்த்ததில்லை. இதை நீ நினைவில் வைத்துக்கொண்டு மேலே படிக்க வேண்டும்.

மண்டபத்தை இந்த வருஷம்தான் புதுப்பித்தார்கள். புதுப்பித்த மண்டபத்துக்குள் கேஸ் சிலிண்டர் கூடாது என்று ஆகிவிட்டது. அதனால் விருந்துக் குழுவின் தலைவர் அந்தோணி அங்கிள் ஒரு பெரிய மின் அடுப்பு வாங்கி வைத்தார். அவருக்கு அந்த அடுப்பின் மேல் அப்படி ஒரு பெருமை. என்னையும் அம்மா ஸ்டெல்லாவையும் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார்.

"மூவாயிரம் வாட் ஸ்டெல்லா. மூவாயிரம். வீட்டுல உள்ள அடுப்பெல்லாம் இதுகிட்ட நிக்க முடியாது."

"எண்பது லிட்டர் கொதிக்குமாண்ணே?"

"போன வருஷம் நாப்பது நிமிஷத்துல கொதிச்சுது. இது அதைவிட ஸ்பீடு லா."

நான் பக்கத்தில் நின்றிருந்தேன். மகனே, எனக்கு ஒரு கெட்ட பழக்கம். யாராவது ஒரு எண்ணைச் சொன்னால் என் மூளை தானாகவே அதை வேறொரு எண்ணோடு பெருக்கிப் பார்க்கும். ஒரு பொருளைச் சூடாக்க எவ்வளவு ஆற்றல் வேண்டும் என்று கண்டுபிடிப்பது பெரிய வித்தை இல்லை. எத்தனை கிலோ இருக்கிறது, அது என்ன பொருள், எத்தனை டிகிரி ஏற்ற வேண்டும், இவை மூன்றும் தெரிந்தால் போதும். மூன்றையும் பெருக்கினால் விடை வந்துவிடும். நடுவில் இருக்கிற அந்த "என்ன பொருள்" என்பதற்குத் தமிழில் தன்வெப்ப ஏற்புத்திறன் என்று பெயர். பள்ளியில் எங்களுக்கு ஆங்கிலத்தில்தான் சொல்லித் தருகிறார்கள். தமிழ்ச் சொல்லை நானே நூலகத்தில் தேடிக் கண்டுபிடித்தேன். ஒரு கிலோ இரும்பை ஒரு டிகிரி சூடாக்க ஆகிற ஆற்றலைப் போல ஒன்பது மடங்கு வேண்டும், ஒரு கிலோ தண்ணீரை ஒரு டிகிரி சூடாக்க. நாலாயிரத்து இருநூறு ஜூல். தண்ணீர் அவ்வளவு பிடிவாதம். எண்பது கிலோ தண்ணீர், குழாயில் வரும்போது இருபத்தெட்டு டிகிரி, கொதிக்க நூறு டிகிரி. எழுபத்திரண்டு டிகிரி ஏற வேண்டும். பெருக்கினால் இரண்டு கோடியே நாற்பத்திரண்டு லட்சம் ஜூல் வருகிறது. வாட் என்றால் நொடிக்கு ஒரு ஜூல். மூவாயிரம் வாட் அடுப்பு நொடிக்கு மூவாயிரம்தான் கொடுக்கும். வகுத்துப் பார், இரண்டேகால் மணி நேரம் வரும். அதுவும் ஒரு துளிச் சூடுகூட வெளியே போகாமல் இருந்தால். வெளியே போகாமல் இருக்காது. அதற்குப் பிறகுதான் அரிசியும் பயறும் உள்ளே போக வேண்டும், அது வேக முக்கால் மணி நேரம் வேண்டும்.

இன்னொன்றையும் கணக்குப் போட்டேன். போன வருஷம் நாற்பது நிமிஷத்தில் கொதித்தது உண்மை என்றால், அந்த கேஸ் அடுப்பு நொடிக்குப் பத்தாயிரம் ஜூலைத் தண்ணீருக்குள் அனுப்பியிருக்க வேண்டும். அங்கிள் அதைவிட வேகம் என்று சொல்கிற அடுப்பு அதில் மூன்றில் ஒரு பங்குகூட இல்லை.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். அவள் உடனே நம்பவில்லை. அதில் எனக்குக் கோபம் இல்லை. "புத்தகத்துல இருக்கறதெல்லாம் அடுப்புக்குத் தெரியாதுடி" என்றாள். எங்கள் மின்கெண்டியில் ஒன்றரை லிட்டர் தண்ணீர் பிடித்தேன். அடியில் இரண்டாயிரம் வாட் என்று எழுதியிருந்தது. நாலு நிமிஷத்துக்குக் கொஞ்சம் குறைவாக ஆகும் என்று முதலில் சொல்லிவிட்டு ஸ்விட்சைப் போட்டேன். அம்மா கைபேசியில் நேரம் பார்த்தாள். நாலு நிமிஷம் தாண்டிச் சில நொடிகளில் கெண்டி தானாக அணைந்தது.

"கொஞ்சம் லேட்டாயிடுச்சே."

"சுத்தி இருக்கற காத்து கொஞ்சம் சூட்டை எடுத்துக்கும்மா. அண்டா இதைவிட அதிகமா விடும்."

அம்மா விரல்களை மடக்கி மணிகளை எண்ணினாள். பிறகு, "அப்ப ஒண்ணரைக்கு வச்சா அஞ்சு மணிக்குக் கஞ்சி வராது" என்றாள். அவளே கூட்டிப் பார்த்துவிட்டாள்.

ஏன் ஒன்றரை என்று உனக்குச் சொல்ல வேண்டும். எங்கள் பங்கில் ஒரு முறை இருக்கிறது. பெரிய வெள்ளியன்று சிலுவைப்பாதையின் பதினான்கு நிலைகளில் முதல் நிலையைச் செபிக்க ஆரம்பிக்காமல் யாரும் அடுப்பில் நெருப்பு வைக்கக் கூடாது. குழுத் தலைவர்தான் சிலுவை அடையாளம் போட்டுவிட்டுத் தீக்குச்சியைக் கிழிப்பார். கேஸ் இருந்த காலத்தில் அதில் ஒரு தொந்தரவும் இல்லை. ஒன்றரைக்குப் பற்றவைத்தால் மூன்று மணிக்குக் கஞ்சி தயார். அந்த முறை எனக்குப் பிடிக்கும். அதைக் கேலி செய்ய எழுதவில்லை. ஆனால் அடுப்பு மாறிவிட்டதே.

அதனால் நான் வேறொரு வழியும் யோசித்தேன். மண்டபத்தின் மறுபக்கம் தேநீருக்காக இரண்டு கொதிகலன்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் இருபது லிட்டர். காலையிலேயே அவற்றைப் போட்டு வைத்து, ஒன்றரை மணிக்கு அந்த நாற்பது லிட்டர் வெந்நீரை அண்டாவில் ஊற்றி மீதிக்குக் குழாய்த் தண்ணீர் விட்டால், அண்டா அறுபத்து நாலு டிகிரியில் ஆரம்பிக்கும். சரியாகப் பாதி வேலைதான் மிச்சம். பெரிய வெள்ளிக்கு முந்தின குருத்து ஞாயிறு பூசை முடிந்ததும் நானும் அம்மாவும் அங்கிளிடம் போனோம். என் அப்பாவும் கூட இருந்தார். நான் எல்லாவற்றையும் மரியாதையாகத்தான் சொன்னேன், மகனே. வேண்டுமானால் அப்பாவைக் கேட்டுப் பார். அவர் மறுக்க மாட்டார்.

அந்தோணி அங்கிள் சிரித்தார். "டீ பாய்லர் போடறதும் அடுப்பு மூட்டறதும் ஒண்ணுதான் பாப்பா. முதல் நிலைக்கு முன்னாடி நெருப்பு கிடையாது."

"நெருப்பே இல்லையே அங்கிள். ரெண்டும் கரண்ட்தானே."

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். அவருக்கு அது பிடிக்கவில்லை. முகம் மாறியது.

"இந்த வயசுலயே இவ்வளவு வாய் ஆகாது. ஸ்டெல்லா, சமையல் நீ செய்யறியா, ஒன் பொண்ணு செய்யறாளா?"

"நான்தாண்ணே."

"அப்ப மூவாயிரம் வாட்டை நம்பு. நான் பாத்துத்தான் வாங்கினேன்."

உன் தாத்தா, அதாவது என் அப்பா, ஜூரோங்கில் ஒரு கப்பல் பட்டறையில் பாதுகாப்பு மேற்பார்வையாளர். அவருடைய வேலையே "நிறுத்து" என்று சொல்வதுதான். யாராவது கயிறு கட்டாமல் மேலே ஏறினால், பெயிண்ட் வாடை இருக்கிற அறைக்குள் வெல்டிங் ஆரம்பித்தால், மேலாளராக இருந்தாலும் அவர் போய் நிறுத்துவார். எனக்கு எட்டு வயதில் என்னைப் பட்டறையின் குடும்ப நாளுக்குக் கூட்டிக்கொண்டு போனார். அவரைப் பார்த்ததும் பெரிய பெரிய ஆட்கள் தலைக்கவசத்தின் வாரை இழுத்து மாட்டியதைப் பார்த்தேன். வீட்டில் குளியலறை ஹீட்டரை அணைக்க மறந்தால்கூட எத்தனை யூனிட் வீணாகிறது என்று வாசலில் நின்று பிரசங்கம் செய்வார். கணக்கில் என்னை ஆர்வப்படுத்தியதே அவர்தான். அப்படிப்பட்டவர் அன்று அங்கிளுக்குப் பக்கத்தில் நின்று, கைகளைக் கட்டிக்கொண்டு, தரையில் புதிதாகப் பதித்த ஓடுகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

பெரிய வெள்ளியன்று ஒன்றரை மணிக்கு, முதல் நிலையின் செபம் ஒலிபெருக்கியில் கேட்டதும், அங்கிள் சிலுவை அடையாளம் போட்டு ஸ்விட்சை அழுத்தினார். பச்சை விளக்கு எரிந்தது. அம்மா வீட்டிலிருந்து கொண்டுவந்த பழைய கம்பளிகளை அண்டாவின் உடம்பில் அடுப்பில் படாமல் உயர்த்திச் சுற்றினாள். அது நான் சொன்ன யோசனை. பள்ளியில் அலுமினியக் கட்டியைச் சூடாக்கும் சோதனையில், துணி சுற்றாத கட்டி சூட்டை வெளியே விட்டு எங்களை எவ்வளவு ஏமாற்றியது என்று அவளிடம் சொல்லியிருந்தேன். மூடியையும் கனமாகப் போட்டாள். இரண்டரை மணிக்கு அங்கிள் வந்து மூடியைத் திறந்து பார்த்தார். ஆவி மேலே போனது. "என்ன, இன்னும் வரலியா?" என்று கேட்டார். திரும்ப மூடவில்லை. அம்மா மூடினாள். கால் மணி கழித்து மறுபடி வந்து திறந்தார். வழிபாட்டின் நடுவில் இரண்டு தடவை எழுந்து வந்தார்.

"அங்கிள், தொறக்காதீங்க. ஒவ்வொரு தடவையும் சூடு போயிடுது."

"பாக்காம எப்படி லா தெரியும்?"

நாலரைக்கு வழிபாடு முடிந்து எல்லோரும் மண்டபத்துக்கு வந்தார்கள். அப்போதுதான் அண்டாவின் ஓரத்தில் குமிழிகள் நன்றாக வர ஆரம்பித்திருந்தன. அம்மா அரிசியையும் பயறையும் கொட்டினாள். துவாஸ் அண்ணன்மார்கள் முதலில் வரிசையில் நின்றார்கள், கிண்ணங்களை ஏற்கெனவே எடுத்துக்கொண்டு. அவர்கள் முந்தின இரவு சாப்பிட்டதோடு சரி. வரிசையில் முதலாவதாக சகாயராஜ் அண்ணன் நின்றார். தூத்துக்குடிப் பக்கம், துவாஸில் குழாய் பொருத்துகிறவர். போன வருஷம் மூன்று கிண்ணம் குடித்துவிட்டு, இனி உயிர்த்த ஞாயிறுக்குத்தான் சாப்பாடு என்கிற மாதிரி "அடுத்தது பாஸ்காவுக்கு" என்று சொல்லி எல்லோரையும் சிரிக்கவைத்தவர்.

"அக்கா, வாசனை வருது. ஆனா கஞ்சி வரலியே."

"இன்னும் கொஞ்ச நேரம் தம்பி. பயறு வேகணும்."

"வேகாட்டி பரவால்லக்கா. எங்க பல்லுக்கு இரும்பே போகும்."

அவர்கள் சிரித்தார்கள். அம்மா சிரிக்கவில்லை. ஒரு பயறை எடுத்து நசுக்கிப் பார்த்தாள், கல் மாதிரி இருந்தது. ஒருசந்தி இருந்த வயிற்றுக்கு அதைக் கொடுக்க அவளுக்கு மனம் வரவில்லை. வெளியே பஸ் ஒலிப்பானை அடித்தது. அப்போதுதான் அங்கிள் மேடைக்குப் போய் மைக்கை எடுத்தார். அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன், ஏனென்றால் நான் அதை மறக்கப் போவதில்லை.

"எல்லாரும் மன்னிக்கணும். சமையல் பொறுப்புல உள்ளவங்க டைமுக்கு ஆரம்பிக்காததால இந்த வருஷம் கஞ்சி லேட்டு. துவாஸ் தம்பிங்க வேணா பிஸ்கட் பாக்கெட் எடுத்துட்டுப் போங்க."

டைமுக்கு ஆரம்பிக்காததால். ஸ்விட்சை அழுத்தியவர் அவர். அதற்கு முன்னால் யாரும் தொடக்கூடாது என்று சொன்னவர் அவர். மண்டபத்தில் இருந்த எல்லோரும் அம்மாவைத் திரும்பிப் பார்த்தார்கள். அப்பா மைக்குக்குப் பக்கத்தில்தான் நின்றுகொண்டிருந்தார். கை நீட்டினால் எட்டும் தூரம். அவர் கூட்டத்தை ஒழுங்குபடுத்துகிற தொண்டர் பட்டை அணிந்திருந்தார். அந்தப் பட்டையைச் சரிசெய்தார். வேறு ஒன்றும் செய்யவில்லை.

அம்மா பஸ் வரைக்கும் போனாள். முந்தானையில் கையைத் துடைத்தபடி, ஏறுகிற ஒவ்வொருவரிடமும், "மன்னிச்சுக்குங்க தம்பி, மன்னிச்சுக்குங்க" என்று சொன்னாள். சகாயராஜ் அண்ணன் படியில் நின்று, "விடுங்கக்கா. கஞ்சி எங்க ஓடிப்போவுது, அடுத்த வருஷம் வந்து குடிக்கிறோம். நான் இருந்தா" என்றார். அவருடைய ஒப்பந்தம் டிசம்பரோடு முடிகிறது என்று பிறகுதான் தெரிந்தது. பஸ் போய் இருபது நிமிஷத்துக்குப் பிறகு கஞ்சி தயாரானது. மிக நன்றாக இருந்தது. வீட்டில் அடுப்பு வைத்திருப்பவர்கள் எல்லோரும் உட்கார்ந்து அதைக் குடித்தோம். அடுப்பு இல்லாதவர்கள் பிஸ்கட்டோடு துவாஸுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். அந்தோணி அங்கிள் இரண்டு கிண்ணம் குடித்துவிட்டு, "டேஸ்ட் பரவால்ல ஸ்டெல்லா, டைமிங்தான் பாத்துக்கணும்" என்றார். நான் குடிக்கவில்லை.

ரயிலில் வீட்டுக்கு வந்தோம். எங்கள் அடுக்குமாடி புளோக்கின் லிஃப்ட்டில் நாங்கள் மூன்று பேர் மட்டும்தான். கதவு மூடியதும் அப்பா மெதுவாக, "நீ போட்ட கணக்கு சரியாத்தான் வந்துச்சு பாப்பா" என்றார். என்னைப் பாராட்டுகிறாராம்.

"அத ஏன் அங்க சொல்லல?"

"அவர் பெரியவர். நாளைக்கும் நாம அந்தப் பங்குலதான இருக்கணும்."

"பட்டறையில மேலாளரையே நிறுத்துவீங்க."

"அது வேலை. இது வேற."

அம்மா லிஃப்ட்டின் மாடி எண்களையே பார்த்துக்கொண்டு நின்றாள். அப்பா விஷயம் தெரியாமல் பேசாதிருந்தால் நான் மன்னித்திருப்பேன். அவருக்குத் தெரியும். குருத்து ஞாயிறு அன்றே தெரியும். பிறகு கேட்டதில் அவரே ஒத்துக்கொண்டார், நான் அங்கிளிடம் பேசிக்கொண்டிருக்கும்போதே மனதுக்குள் தானும் பெருக்கிப் பார்த்தாராம். மகனே, நீ செய்யக்கூடிய தவறுகளில் நான் எதை வேண்டுமானாலும் பொறுத்துக்கொள்வேன். பாடத்தில் தோற்றாலும், சொன்ன நேரத்துக்கு வீட்டுக்கு வராவிட்டாலும், என் சமையல் நன்றாயில்லை என்று சொன்னாலும் பொறுத்துக்கொள்வேன். உன் பக்கத்தில் நிற்கிற ஒருத்தி சரியாகச் சொல்கிறாள் என்று உனக்குத் தெரிந்திருந்தும், கூட்டத்தில் தரையைப் பார்த்துவிட்டு, கதவு மூடிய பிறகு அவளைத் தட்டிக்கொடுத்தால் மட்டும் பொறுக்க மாட்டேன். அவளுக்கு அந்தத் தட்டிக்கொடுத்தலால் ஒரு பயனும் கிடையாது. உனக்கு மட்டும்தான் அது நிம்மதி.

பாஸ்கா முடிந்து புதன்கிழமை அங்கிள் அப்பாவுக்குப் போன் செய்தார். அப்பா பேசி முடித்துவிட்டு என்னிடம் வந்து, கொஞ்சம் சிரித்த முகத்தோடு, "ஒன் கணக்கை அனுப்பச் சொல்றார். ஞாயித்துக்கிழமை குழுக் கூட்டத்துல அடுத்த வருஷத்துக்குப் பிளான் சொல்லணுமாம்" என்றார். நல்ல செய்தி கொண்டுவந்திருப்பதாக நினைத்தார்.

"நான் அனுப்ப மாட்டேன். நானே வந்து சொல்றேன். அம்மா மேல தப்பு இல்லைன்னு மொதல்ல சொல்லிட்டுத்தான் கணக்கைச் சொல்வேன்."

"அப்படியெல்லாம் கண்டிஷன் போடக் கூடாது. அவரா எறங்கி வந்து கேக்கறார்ல?"

"எறங்கி வரல. கணக்கை எடுத்துட்டுப் போக வர்றார்."

சத்தம் பெரிதாகிவிட்டது. அம்மா துணி மடித்துக்கொண்டிருந்தாள். மடித்த துண்டைக் கீழே வைத்தாள். "நீயும் போக வேண்டாம், அப்பாவும் அனுப்ப வேண்டாம். சொன்னது என்னை. நான் பேசறேன். அந்தக் கணக்கு எப்படின்னு எனக்குச் சொல்லு" என்றாள்.

மூன்று மாலை இந்த மேசையில் உட்கார்ந்து சொல்லிக்கொடுத்தேன். அம்மா பத்தாம் வகுப்போடு நிறுத்தியவள். ஜூல் என்ற சொல் அவள் வாயில் நிற்கவே இல்லை. ஆனால் அவள் கேட்ட கேள்விகளில் பாதிக்கு என் ஆசிரியரிடம் போய்க் கேட்டுத்தான் பதில் சொன்னேன். கொதித்த பிறகும் அடுப்பு கரண்ட்டை இழுக்கிறதே, சூடு ஏறவில்லையே, அது எங்கே போகிறது என்று கேட்டாள். ஆவியாக்கப் போகிறது என்றேன். "அப்ப அவர் மூடியைத் தொறந்தது சும்மா பாத்தது இல்ல, எறச்சது" என்றாள். அதைச் சொல்லும்போதுதான் அவளுக்கு முதல் தடவையாகக் கோபம் வந்ததைப் பார்த்தேன். அதுவரை வருத்தம் மட்டும்தான் இருந்தது. கோபம் வந்ததும் எண்களும் அவள் மனதில் நின்றுவிட்டன.

ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் பிறகு மண்டபத்தில் கூட்டம். நிறையக் குடும்பங்கள் இருந்தன. துவாஸ் அண்ணன்மார் யாரும் இல்லை, அவர்களுக்கு அன்று வேலை. அங்கிள் மேடையிலிருந்து, "கஞ்சி விஷயத்துல ஸ்டெல்லா ஏதோ சொல்லணுமாம், சுருக்கமா சொல்லும்மா" என்றார். அம்மா எழுந்து முன்னால் போனாள்.

"மைக் குடுங்கண்ணே."

"எதுக்கும்மா, இங்க இருந்தே கேக்கும்."

"நீங்க மைக்லதான சொன்னீங்க. நானும் அதுலதான் சொல்லணும்."

அவர் கொடுக்கவில்லை. பிடித்துக்கொண்டு நின்றார். மண்டபம் முழுவதும் பார்த்துக்கொண்டிருந்தது. நான் அப்பாவைப் பார்த்தேன். அம்மாவும் அப்பாவைத்தான் பார்த்தாள். அவர் முன்வரிசையில் இருந்தார். எழுந்திருக்கப் போகிறவர் மாதிரி நாற்காலியின் கையைப் பிடித்தார். பிடித்துக்கொண்டே இருந்தார். அம்மா இன்னும் ஒரு படி ஏறி, அங்கிளின் கையிலிருந்து மைக்கைத் தானே வாங்கினாள். பிடுங்கவில்லை. அவர் விடும்வரை அதைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவர் விட்டார்.

"எண்பது லிட்டர் தண்ணி" என்று ஆரம்பித்தாள். எண்கள் ஒன்றும் தடுமாறவில்லை. இரண்டேகால் மணி நேரம் எப்படி வருகிறது என்று சொன்னாள். கேஸ் அடுப்பு பத்தாயிரம், இது மூவாயிரம் என்று சொன்னாள். ஒரு இடத்தில் நிறுத்தி, "பாப்பா, ஜூல்தானே?" என்று என்னைக் கேட்டாள். சிலர் சிரித்தார்கள். அவளும் சிரித்துவிட்டு மேலே போனாள். வெந்நீர் ஊற்றியிருந்தால் பாதி நேரம் என்றும், அதைக் குருத்து ஞாயிறு அன்றே தன் மகள் சொன்னாள் என்றும், வேண்டாம் என்றது யார் என்றும் சொன்னாள். பிறகு, "நான் லேட்டா ஆரம்பிக்கல. எனக்குக் குடுத்த நேரத்துக்கு ஆரம்பிச்சேன். பசியோட போன அந்தத் தம்பிங்ககிட்ட அன்னைக்கே மன்னிப்புக் கேட்டுட்டேன். இங்க கேக்க மாட்டேன்" என்றாள்.

அந்தோணி அங்கிள், "யாரும் உன்னைத் தப்பா நினைக்கலியே ஸ்டெல்லா. சரி, அடுத்த விஷயம்" என்றார். அவ்வளவுதான். மன்னிப்பு வரவில்லை. அடுத்த வருஷம் கொதிகலன்கள் காலையிலேயே போடப்படும் என்று முடிவானது. அதை அங்கிள்தான் அறிவித்தார், தன்னுடைய யோசனை மாதிரி. அம்மாவின் பெயர் அந்த மண்டபத்தில் சரியாகிவிட்டது. துவாஸில் சரியாகவில்லை. அங்கே இன்னும் அவள் நேரத்துக்கு அடுப்பு மூட்டாத அக்கா. சகாயராஜ் அண்ணனிடம் யார் போய்ச் சொல்வது? நான் சொல்கிறேன் என்று அம்மாவிடம் சொல்லியிருக்கிறேன். தேர்வு முடிந்ததும் இருவரும் துவாஸுக்குப் போகிறோம். அப்பா தானும் வருவதாகச் சொன்னார். வாருங்கள் என்று நான் இன்னும் சொல்லவில்லை.

மகனே, அப்பா கெட்டவர் இல்லை. இதை எழுதிக்கொண்டிருக்கும்போதுகூட எனக்காக மாம்பழம் நறுக்கிக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனார். நல்லவராக இருப்பதும், கை நீட்டினால் எட்டும் தூரத்தில் இருக்கும் மைக்கை எடுப்பதும் வேறு வேறு என்று அவரால்தான் தெரிந்துகொண்டேன். எனக்கு வயதானால் நானும் அவருக்காகப் பரிந்து பேசுவேன் என்று பயமாக இருக்கிறது. "பாவம், அந்தக் காலத்து மனுஷன்" என்று உன்னிடம் சொல்வேன். அப்போது என்னை நம்பாதே, இப்போது எழுதுகிறவளை நம்பு. நீ இருக்கிற இடத்தில் ஒருத்தி எழுந்து நின்று மைக்கைக் கேட்டால், நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்காதே. எழுந்திரு. அவளுக்காக நீ பேச வேண்டியதில்லை, அவளுக்குப் பேசத் தெரியும். எழுந்து அவள் பக்கத்தில் போய் நின்றால் போதும்.

உனக்கு ஒரு நாள் அம்மாவாக ஆகப் போகிறவள்,
இன்னும் கோபம் தீராமல்.